லோண்டரியின் தேசிய மொழி

லோண்டரித் தொழிலுக்கு, அதுதான் ஹோட்டல் சலவைக்கு, புதிதாக வந்திருக்கிற தம்பிமார், தங்கச்சிமார், உங்களுக்கு மெசின் ஓட்ட நான் சொல்லித்தரத் தேவையில்லை. அதற்குப் புத்தகம் இருக்கிறது, மெசின் விற்ற கொம்பனிக்காரனும் வந்து காட்டுவான். என்னிடம் இருப்பது புத்தகத்தில் இல்லாத சாமான். நான் எட்டாம் வகுப்போடு புத்தகத்தைத் தூக்கிப் போட்டவன். ஆனால் லண்டனில் சில பெரிய ஹோட்டல்களின் வெள்ளைத் துணியெல்லாம் ஒரு காலத்தில் என் சொல்லுக்குத்தான் மடிந்தது. இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை என்று சொல்லமாட்டேன். பெருமைக்குத்தான் சொல்கிறேன். நான் தனிக்கட்டை, எனக்காக வேறு யார் சொல்லப்போகிறார்கள்?

உங்கள் கையின் கீழ் பல நாட்டு ஆட்கள் நிற்பார்கள். அவர்களை எந்த மொழியில் வேலை வாங்குவீர்கள்? இங்கிலிஷ் என்பீர்கள். நீங்கள் இங்கே பள்ளிக்கூடம் போன பிள்ளைகள், அப்படித்தான் சொல்லுவீர்கள். எண்பதுகளின் நடுவில் நான் வேலைக்குச் சேர்ந்த நிலவறையில் ஒருத்தருக்கும் அது உருப்படியாக வராது. என்னுடைய இங்கிலிஷைக் கேட்டால் மெசினே நின்றுவிடும். ஆனால் என்னிடம் வேறு மொழிகள் இருந்தன. எப்படி வந்தன என்று முதலில் சொல்கிறேன்.

சின்ன வயதிலேயே குருநாகலில் ஒரு சாப்பாட்டுக் கடையில் வேலைக்கு நின்றேன். சிங்களம் எனக்குத் தண்ணிபட்ட பாடு. பிறகு ஒரு கலவரத்தில் கடையை எரித்தார்கள். எரித்தவர்களில் பாதிப்பேர் எங்களிடம் தேத்தண்ணி குடித்தவர்கள். பின்வளவில் மதிலோடு ஒட்டிக்கொண்டு நின்ற எனக்கு அவர்கள் பேசிய ஒவ்வொரு சொல்லும் விளங்கியது. விளங்காமல் இருந்திருந்தால் நல்லது. அன்றோடு அந்த மொழியை வாயில் எடுப்பதில்லை என்று வைத்துக்கொண்டேன். தெரியுமா என்று யாராவது கேட்டால், தெரியாது. அவ்வளவுதான்.

பிறகு கப்பல். சரக்குக் கப்பலில் என்னோடு நின்றவர்கள் பிலிப்பைன்ஸ்காரர். அவர்களும் எங்களைப்போலத் தீவுக்காரர், ஆனால் எண்ண முடியாத தீவுகள். ஆளுக்கொரு ஊர், ஆளுக்கொரு பேச்சு. சாப்பாட்டு மேசைக்கு வந்தால் மட்டும் எல்லாரும் தகாலொக். அது மணிலாப் பக்கத்து மொழி. அதை எடுத்துத்தான் அவர்களுடைய அரசாங்கம் நாட்டுக்குப் பொதுமொழி ஆக்கியது. சீட்டு விளையாட, பகிடி விட, ஏச, பாட அந்த மொழி தெரியாதவன் அந்த மேசையில் குந்த ஏலாது. நான் குந்தினேன். ஒரு வாத்தியாரும் இல்லாமல், கடல் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே ஒரு நாட்டின் தேசிய மொழியைப் படித்தவன் நான்.

எண்பத்திமூன்றுக் கலவரத்துக்குப் பிறகு கப்பலை விட்டிறங்கி லண்டனுக்கு வந்தேன். டூட்டிங்கில் ஒரு அறை. ஹோட்டல் நிலவறையில் வேலை. முதல் நாளே மனேஜர் என்னை ஒருத்தனுக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தி, இரண்டு பேரும் ஒரே நாடு, நல்லாய் ஒத்துப்போவீர்கள் என்று சொல்லிவிட்டு மேலே போனார். எதிரில் நின்றவன் பியசேன. மாத்தறைக்காரன், என்னை விட வயதில் குறைந்தவன்.

இப்போது மெசினே மடித்துத் தள்ளுகிறது, உங்களுக்கு இது தெரியாது. அந்தக் காலத்தில் பெரிய படுக்கை விரிப்பை மடிக்க இரண்டு பேர் வேண்டும். ஆளுக்கு இரண்டு முனை பிடித்து, இழுத்து உதறி, ஒருத்தனை நோக்கி ஒருத்தன் நடந்து வரவேண்டும். முனைகள் சேரும் இடத்தில் விரலும் விரலும் தொடும். ஒருத்தன் தன் முனையை மற்றவன் கையில் கொடுத்துவிட்டுக் குனிந்து மடிப்பைப் பிடிப்பான். முகத்துக்கு முகம், நாள் முழுக்க. மற்றவர்களைக் காணாத ஒரு மூலையில் நானும் பியசேனவும் கிழமைக்கணக்காக அப்படி ஒருத்தனை நோக்கி ஒருத்தன் நடந்தோம், ஒரு சொல் பேசாமல். அவனுக்குத் தமிழ் தெரியாது. எனக்குச் சிங்களம் 'தெரியாது'. அவன் இங்கிலிஷ் என்னுடையதிலும் மோசம்.

ஒரு நாள் ஈர விரிப்பு ஒன்று வண்டிலில் மாட்டிக் கிழிந்தது. அவன் பல்லைக் கடித்துக்கொண்டு ஒரு ஏச்சு விட்டான். தகாலொக் ஏச்சு. கப்பலில் மட்டும்தான் அதைப் படிக்கலாம். நான் அதே மாதிரி ஒன்றைத் திருப்பி விட்டேன். அவன் விரிப்பைக் கீழே போட்டுவிட்டு என்னைப் பார்த்தான். அவனும் என்னை மாதிரி எண்ணெய்ப் பிசுக்கில் கிடந்து வந்தவன்தான், என்ன, வேறு கப்பல்.

அன்றிலிருந்து எங்களுக்கு வாய் திறந்தது. எங்கள் இரண்டு பேருக்கும் சம்பந்தமே இல்லாத மொழி. அதில் எங்களுக்குக் கடை எரியவில்லை, ஒருத்தரும் ஒருத்தரையும் துரத்தவில்லை. அவன் என்னை அண்ணை என்று கூப்பிடவும் முடியாது, நான் அவனைத் தம்பி என்று கூப்பிடவும் முடியாது. தகாலொக்கில் ஆம்பிளைகள் கூட்டாளியைக் கூப்பிடுகிற மாதிரி, பாரே என்றோம். அவனும் பாரே, நானும் பாரே.

மடிக்கிற மேசைக்குப் பொறுப்பாக ஒரு மனுசி இருந்தா. செபு தீவுக்காரி. எல்லாரும் ஆத்தெ என்போம், அக்கா என்ற மாதிரி. துணியைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அவவிடம் பொறுக்கியது. எங்கள் இரண்டு பேரையும் பார்த்து அவவுக்குச் சிரிப்பு அடக்க முடியாது.

"ஒரே தீவிலை பிறந்த ரெண்டு பேர், லண்டனிலை நிலத்துக்குக் கீழை நிண்டுகொண்டு என்ரை அரசாங்கத்தின்ரை பாசையிலை கதைக்கிறியள். எனக்கே அது சொந்தப் பாசை இல்லை" என்றா.

அவவின் பேச்சு செபு பேச்சு. மணிலாக்காரரை விடத் தங்கட பேச்சைப் பேசுகிறவர்கள்தான் ஒரு காலத்தில் எண்ணிக்கையில் அதிகம் என்று அவவின் தகப்பன் சாகுமட்டும் வாதாடினாராம். பிறகு எதற்கு அவர்களுடையது தேசிய மொழி, எங்களுடையது வட்டாரப் பேச்சு என்று கேட்பாராம். பள்ளிக்கூடத்தில் சொந்தப் பேச்சில் வாய் திறந்தால் பிள்ளைகள் தண்டம் கட்டவேண்டும். புது அரசியல் சட்டம் வந்து அந்த மொழிக்குப் பிலிப்பினோ என்று பெயர் வைத்தபோது ஆத்தெ சொன்னா, அதே ஆளுக்குப் புதுச் சட்டை போட்டிருக்கிறார்கள் என்று. அப்படியென்றால் ஏன் பேசுகிறீர்கள் என்று கேட்டேன். வெறுத்துக்கொண்டே பேசப் பழகி, பிறகு வெறுக்க மறந்துபோனேன் என்றா. படமும் பாட்டும் அந்த மொழியில்தானே வந்தன. "உங்கடை சனத்துக்கு அந்தச் சிங்களம் எதாலை வந்தது?" என்று கேட்டா.

"பொலிசாலை" என்றேன்.

அவ சிரிக்கவில்லை. அவவின் பிள்ளைகள் மணிலாவில் மாமியோடு நின்று படித்தார்கள். குரலைக் கசெட்டில் பதிந்து அனுப்புவார்கள். மத்தியானம் காதில் மாட்டிக்கொண்டு கேட்பா. அவ செபு பேச்சில் பேசி அனுப்ப, அவர்கள் தகாலொக்கில் பதில் அனுப்பினார்கள். எதையும் எனக்கு முறைப்பாடாகச் சொன்னதில்லை. கசெட் முடிந்த பிறகும் கொஞ்ச நேரம் காதில் மாட்டினதைக் கழற்றாமல் இருப்பா.

இப்போது தொலைபேசிக்கு வருகிறேன். நிலவறை நடையில், மடிக்கிற மேசைக்குப் பக்கத்தில், வேலையாட்களுக்கென்று ஒன்று சுவரில் இருந்தது. பியசேனவின் தாய் குறித்த நாளில் மாத்தறையில் தபால் கந்தோருக்கு வந்து காத்திருப்பா. இவன் காசு போட்டு எடுப்பான். என் முதுகுக்குப் பின்னால் நின்று, ஒளிக்காமல், முழுக் குரலில் சிங்களத்தில் கதைப்பான். ஏன் ஒளிக்கவேண்டும்? அந்த நிலவறையில் சிங்களம் தெரிந்தவன் அவன் ஒருத்தன்தானே.

எங்களுக்கெல்லாம் அவன் சொன்னது, தன் தம்பி கொழும்பில் உடுப்புத் தைக்கிற கார்மெண்டில் வேலை என்று. தாய்க்குச் சொன்னதோ வேறு. தம்பி ஆமியில். வடக்கே அனுப்பியிருக்கிறார்கள். அழாதே அம்மா, அவன் குசினியில் சமையலுக்குத்தான் நிற்கிறான், துவக்குத் தூக்குவதில்லை என்று இவன் தாயைத் தேற்றினான். எந்தப் பக்கம் என்று தாய் கேட்டிருக்கவேண்டும். இவன் ஊர்ப்பெயர் சொன்னான். என்னுடைய ஊருக்குப் பக்கத்து ஊர். அங்கே சண்டை நடந்த அந்தக் கிழமை முழுக்க என் வீட்டாரைப் பற்றி எனக்கு ஒரு சேதியும் இல்லை.

அவன் தொலைபேசியை வைத்துவிட்டு வந்து விரிப்பின் மற்ற முனையைப் பிடித்தான். நான் இழுத்த இழுவையில் ஓரத் தையல் விட்டுப்போனது. என்ன பாரே என்று கேட்டான். பழந்துணி என்றேன். இரண்டு பேரும் ஒருத்தனை நோக்கி ஒருத்தன் நடந்தோம்.

ஏன் சொல்லவில்லை என்று கேட்பீர்கள். சொன்னால் எனக்குச் சிங்களம் தெரியும் என்றாகிவிடும். அவன் வேறு மேசைக்குப் போய்விடுவான். டூட்டிங் அறையில் எனக்குச் சுவர்தான் துணை. நாளில் ஒரு மனுசனோடு நாலு வார்த்தை சிரித்துப் பேசுவதென்றால் அது அவனோடுதான். ஆகவே மூடிக்கொண்டேன். பிறகு என் வீட்டார் உயிரோடு கோயிலில் தங்கியிருக்கிறார்கள் என்று சேதி வந்தது. அதையும் அவனுக்குச் சொல்லவில்லை. சந்தோசத்தைக்கூடச் சொல்ல முடியாத கூட்டு எங்களுடையது.

கொஞ்சக் காலத்தில் என்னை சுப்பவைசர் ஆக்கினார்கள். கேளுங்கோ, அப்போது அங்கே பெரிய குழப்பம். போர்த்துக்கல் பெண் ஒருத்தி, கானாக்காரன் ஒருத்தன், பல தீவுப் பிலிப்பைன்ஸ்காரர், நாங்கள் இருவர். ஆளுக்கொரு இங்கிலிஷ். மேல்மாடிக்குப் போகவேண்டிய துணி சாப்பாட்டு மண்டபத்துக்குப் போகும். நான் வந்த கையோடு ஒரு சட்டம் போட்டேன். வேலை நேரத்தில் எல்லாரும் தகாலொக்தான். பெரும்பான்மைக்குத் தெரியும், மிச்சப்பேர் கொஞ்சச் சொல் படித்தால் போதும். அந்த மாதமே குழப்பம் நின்றது. இன்றைக்கும் சொல்லுவேன், அது நல்ல சட்டம். மேலே இருந்து வந்து பார்த்தவர்கள் நிலவறை இவ்வளவு ஒழுங்காக ஓடுவதைக் கண்டதில்லை என்றார்கள்.

ஆத்தெ மட்டும், தன் ஊர்க்காரி ஒருத்தியோடு மேசையில் செபு பேச்சில் கதைத்துக்கொண்டு மடிக்கிறவ, சட்டத்துக்குப் பிறகு பேசாமல் மடித்தா. வேலை இன்னும் விரைவாக நடந்தது, எனக்குத் திருப்தி. ஒரு நாள் என்னைக் கூப்பிட்டு, தண்டக் காசு போட ஒரு உண்டியல் கொண்டுவந்து வை என்றா. நான் சிரித்தேன்.

"உங்கடை நாட்டிலை சிங்களம் மட்டும் எண்டு சட்டம் போட்டவனும் சிரிச்சுக்கொண்டுதான் போட்டிருப்பான்" என்றா, மடிப்பிலிருந்து கண்ணெடுக்காமல்.

பிறகுதான் அந்த நாள். பெரிய ரோலர் மெசின் உங்களுக்குத் தெரியும். ஈர விரிப்பை முன்னால் கொடுத்தால் சூட்டு உருளைகளுக்கு ஊடே போய்க் காய்ந்து வரும். பியசேன கொடுக்கிற பக்கம் நின்றான். விரிப்பின் ஒரு மூலை சுருண்டு உள்ளே போக, அதைத் திருப்பி இழுக்கப் பார்த்தான். அந்த இழுபறியில், துணியை உள்ளே இழுக்கிற பட்டியில் சட்டைக் கை பிடிபட்டது. அவனுக்கு அது தெரியவில்லை. கண் முழுக்க விரிப்பில். நான் மெசினின் மற்றத் தொங்கலில், துணி வெளியே வருகிற பக்கம், ஓடிப்போனாலும் எட்டாத தூரம். விரிப்பை விட்டால் சட்டை கிழிந்து கை தப்பும். விடாமல் இழுத்தால் கை உருளைக்குள் போகும்.

தகாலொக்கில் விடு என்று கத்தினேன். அவன் காதில் விழுந்தது, எனக்குத் தெரியும், தலை கொஞ்சம் அசைந்தது. ஆனால் கை விடவில்லை. மறுபடியும் கத்தினேன். ஆத்தெயும் கத்தினா. வேலைக்காகப் பழகிய மொழி காதுக்குள் வந்து, கதவைத் தட்டி, உள்ளே யாராவது எழும்பித் திறந்த பிறகுதான் கைக்குப் போகும். அதற்கு நேரமில்லை.

வாயில் எடுப்பதில்லை என்று வைத்திருந்த மொழி தானாக வந்தது. சிங்களத்தில், "மல்லி, விடு" என்று கத்தினேன். தம்பி, விடு.

நூல் அறுந்த மாதிரி அவன் கை விட்டது. சட்டைக் கை கிழிந்து உள்ளே போனது. ஆத்தெ பாய்ந்து மெசினை நிறுத்தினா. மணிக்கட்டில் மட்டும் தோல் வெந்திருந்தது. விரல் எல்லாம் அப்படியே இருந்தது.

அவன் கையைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தான். பிறகு சுவரில் இருந்த தொலைபேசியைப் பார்த்தான்.

கட்டோடு அவன் வேலைக்குத் திரும்பி வந்த காலை, மேசையில் நாங்கள் இருவர் மட்டும். தகாலொக்கில்தான் தொடங்கினான்.

"எப்ப இருந்து தெரியும்?"

"சின்னனிலை இருந்து."

"தொலைபேசி?"

"கேட்டனான்."

கட்டுப் போட்ட கையால் விரிப்பின் முனையை எடுத்தான், சரிவரப் பிடிக்க ஏலவில்லை. நான் என் பக்கத்தைத் தளர்த்திக் கொடுத்தேன்.

"அவன் குசினியிலைதான் நிக்கிறான், பாரே" என்றான்.

"ஓம். அம்மாவுக்கும் அப்பிடித்தான் சொன்னனீ" என்றேன்.

முனைகளைச் சேர்த்து மடித்தோம். என் வீட்டார் கோயிலில் கிடந்ததை அன்றைக்காவது சொல்லியிருக்கலாம். வாய் வரவில்லை.

நான் ஒரு காரியம் செய்தேன். இதற்காகத்தான் உங்களை இவ்வளவு நேரம் இருத்தி வைத்தேன். சட்டம் அப்படியே இருக்கட்டும், வேலை தகாலொக்கில் நடக்கட்டும். ஆனால் விடு, நில் என்ற இரண்டு சொல்லை மட்டும் ஒவ்வொருத்தரும் தங்கள் தாய் சொன்ன மாதிரிச் சொல்லவேண்டும், மற்ற எல்லாரும் அதைப் பாடமாக்கவேண்டும். காலையில் மெசின் போடுமுன் எல்லாரும் நின்று சத்தமாகச் சொல்லுவோம். கானாக்காரனுடையது, போர்த்துக்கல் பெண்ணுடையது, என்னுடையது. செபு சொல்லை ஆத்தெ சொல்லித்தர, மணிலாக்காரிகள் திருப்பிச் சொன்னார்கள். கடைசியாகத் தன் பாசையும் அரசாங்கத்துக்கு வந்துவிட்டது என்றா, அன்றைக்கு முகம் மலர்ந்து. சிங்களச் சொல்லைப் பியசேன சொல்லித்தந்தான். அதை மட்டும் நானும் எல்லாரோடும் சேர்ந்து சொன்னேன். கூட்டத்தோடு சொல்லும்போது வாய் அவ்வளவு கூசவில்லை. அதற்குப் பிறகு அந்த நிலவறையில் ஒருத்தருக்கும் கை போகவில்லை. எத்தனை பேர் இப்படிச் சொல்லிக்கொள்ள முடியும்?

ஆத்தெயோடும் பியசேனவோடும் மேசை பழையபடி ஓடியது. பாரே என்றான், பாரே என்றேன். கப்பல் கதை பேசினோம், பகிடி விட்டோம். ஆனால் அந்தச் சுவர்த் தொலைபேசியை அவன் அதற்குப் பிறகு தொடவில்லை. தாய் காத்திருக்கிற நாளில் மேலே ஏறி, தெருவைக் கடந்து, சிவப்புத் தொலைபேசிக் கூண்டுக்குப் போவான். மழை பெய்தாலும் போவான். நிலவறையின் சின்ன யன்னலால் பார்த்தால் போகிறவர்களின் கால்தான் தெரியும். அவனுடைய சப்பாத்து எனக்குத் தெரியும். தம்பிக்குப் பிறகு என்ன ஆனது என்று எனக்கு இன்றுவரை தெரியாது. கேட்கிற உரிமை காதுக்கு இருந்தது, வாய்க்கு இல்லை.

தொண்ணூறுகளின் நடுவில் அவன் வேலையை விட்டான். ஊருக்குப் போகிறானா, வேறு இடத்துக்கா என்று சொல்லவில்லை. கடைசி விரிப்பை இரண்டு பேரும் மடித்தோம். இழுத்து, உதறி, ஒருத்தனை நோக்கி ஒருத்தன் நடந்து வந்து முனை சேர்த்தோம். தன் முனையை என் கையில் தந்துவிட்டு, குனியாமல் நின்றான். சிங்களத்தில் சொன்னான்.

"போயிட்டு வாறன், அண்ணை."

அவ்வளவு காலத்தில் அவன் என்னோடு அந்த மொழியில் பேசியது அது ஒன்றுதான். பதில் சொல்ல எனக்குச் சொல் இருந்தது. போயிட்டு வா தம்பி என்று சொல்லச் சின்னப்பிள்ளைக்கும் தெரியும். உருளைக்குள் கை போனபோது வந்த மொழி, ஒரு ஆபத்தும் இல்லாத அந்த இடத்தில் வரவில்லை. "கவனம், பாரே" என்றேன், தகாலொக்கில். அவன் தலையாட்டிவிட்டுப் படியேறினான். யன்னலால் சப்பாத்துப் போனது.

தம்பிமார், தங்கச்சிமார், எனக்கு நாலு மொழி தெரியும், தமிழைத் தவிர ஒன்றையும் பள்ளிக்கூடத்தில் படிக்கவில்லை. ஆத்தெ மணிலாவுக்குப் பிள்ளைகளிடம் போய்விட்டா. இங்கே இருக்கிற பிலிப்பைன்ஸ் கடைக்குச் சில நேரம் போவேன். காய்ந்த மாம்பழம் எடுத்துக்கொண்டு கல்லாவில் நிற்கிற பெண்ணிடம் தகாலொக்கில் இரண்டு வார்த்தை விடுவேன். எங்கே படித்தீர்கள் அங்கிள் என்று இங்கிலிஷில் கேட்பாள். கப்பலில் என்பேன். பின்னால் வரிசை நிற்கும்.

கிங்ஸ்பரியில் இப்போது எனக்குச் சொந்த வீடு. பெரிய கட்டில், பெரிய விரிப்பு. தோய்த்து எடுத்தால், ஒரு முனையை நாடிக்குக் கீழே கழுத்தோடு இறுக்கிப் பிடித்து, கையை எட்டினமட்டும் நீட்டி, சுவரை நோக்கி நடந்துதான் மடிக்கிறேன். வந்து பாருங்கோ, முனையோடு முனை இன்றைக்கும் கோணாது.